தாழ்வாரமும் வீதியும்: புதுச்சேரித் தமிழர் குடியிருப்பின் வரலாறும் மனையமைப்பும்

ஆய்வுச் சுருக்கம்

புதுச்சேரிப் பழைய நகரின் தமிழர் குடியிருப்பைப் 'பிரெஞ்சு–தமிழ்க் கலப்புக் கட்டடக் கலை' என்னும் தொடரால் சுட்டுவது வழக்கமாகிவிட்டது. இத்தொடர் வீட்டின் மேல்தளத்து முகப்பை மட்டுமே கருத்திற்கொண்டு எழுந்தது. இக்குடியிருப்பில் மிகப் பழையது வீதியமைப்பு. அதனினும் இளையவை வீடுகள். இவ்விரண்டையும் பிணைத்துவந்தவை தாழ்வாரம், திண்ணை, இடைகழி என்னும் தொடர் இடங்கள். இவ்விடங்களுக்குரிய தமிழ்ச் சொற்களின் பொருள் வேறுபாட்டைக் கொண்டு இக்குடியிருப்பின் இயல்பை விளக்குவதும், அவ்வேறுபாடு மறைவதால் மரபுடைமைக் காப்பில் நேரும் இடரைச் சுட்டுவதும் இக்கட்டுரையின் நோக்கம்.

திறவுச்சொற்கள்: புதுச்சேரி, தமிழர் பகுதி, தாழ்வாரம், திண்ணை, இடைகழி, முற்றம், ஆனந்தரங்கப் பிள்ளை நாட்குறிப்பு, மரபுடைமைக் காப்பு.

முன்னுரை

புதுச்சேரியின் பழைய நகரைத் தெற்கு வடக்காக ஓடும் ஒரு வாய்க்கால் இரண்டாக வகுக்கிறது. அதன் இருகரைகளிலும் செஞ்சி சாலையும் அம்பூர் சாலையும் செல்கின்றன. வாய்க்காலுக்குக் கிழக்கே, கடலை ஒட்டியது ஐரோப்பியர் வாழ்ந்த பகுதி. மேற்கே விரிந்தது தமிழர் வாழ்ந்த பகுதி. ஆட்சியாளர் முன்னதை வெள்ளை நகர் என்றும் பின்னதைக் கறுப்பு நகர் என்றும் வழங்கினர். கறுப்பு நகர் என்ற பெயர் இன்று பெரும்பாலும் வழக்கொழிந்துவிட்டது. ஆயினும் பயணியர் பார்வையும் ஆய்வாளர் பார்வையும் கிழக்குப் பகுதியிலேயே நிலைகொள்ளும் பழக்கம் முற்றிலும் நீங்கவில்லை. மேற்குப் பகுதி பேசப்படும்போதும், அங்கே எவ்வளவு பிரெஞ்சுச் சாயல் படிந்துள்ளது என்ற அளவுகோலே பெரும்பாலும் கையாளப்படுகிறது.

தமிழ் வீட்டைத் தமிழ்ச் சொற்களால் அணுகினால் வேறொரு வடிவம் தோன்றும் என்பது இக்கட்டுரையின் கருதுகோள். வீட்டின் உறுப்புகளுக்குத் தமிழில் உள்ள பெயர்கள் வெறும் பெயர்களாக நிற்பதில்லை. யார் எங்கே நிற்கலாம், எந்த இடம் யாருக்குரியது என்ற வழக்காறும் அவற்றினுள் அடங்கியுள்ளது.

வீதியின் வயது

பீசப்பூர் அரசின் சார்பில் வலிகண்டபுரத்தை ஆண்ட ஷேர்கான் லோதியின் இசைவுடன் பிரெஞ்சுக்காரர் இங்கே காலூன்றினர். 1674 முதல் பிரான்சுவா மர்த்தேன் இக்குடியேற்றத்தை வளர்த்தார். ஆனால் இன்று தமிழர் பகுதியில் நாம் காணும் நேர்கோட்டுத் தெருக்களின் மூலத்தை அவரது காலத்துப் பிரெஞ்சு வரைவுகளில் தேடிப் பயனில்லை. 1693-இல் புதுச்சேரியைக் கைப்பற்றிய ஒல்லாந்தர் அதனைத் தம் வசம் வைத்திருந்த சில ஆண்டுகளில் நகருக்கு விரிவான வரைபடங்கள் தீட்டினர். நெதர்லாந்தில் பாதுகாக்கப்பட்டுள்ள அவ்வரைபடங்களை ஆராய்ந்த ழான் தெலோஷ், தமிழர் குடியிருப்பின் கட்டமிட்ட தெருவமைப்பு ஒல்லாந்தர் திட்டத்திலிருந்து பிறந்தது என நிறுவினார். 1697-இல் ஏற்பட்ட ரிஸ்விக் உடன்படிக்கைக்குப் பின்னர், 1699-இல் நகர் மீண்டும் பிரெஞ்சுக்காரரிடம் வந்தது. அவர்கள் அந்தத் தெருக்கோடுகளைத் தொடர்ந்தனர். பிரெஞ்சு நகரத் திட்டத்தின் முன்மாதிரி எனப் போற்றப்படும் ஊரின் அடித்தளக் கோடுகள் ஒல்லாந்தர் கையால் இடப்பட்டவை என்பது பலருக்கும் வியப்பளிக்கக்கூடும்.

ஒல்லாந்தர் ஏன் இவ்வாறு வகுத்தனர் என்பதற்கு விடை துணி வணிகத்தில் இருக்கிறது. சோழமண்டலக் கரையில் ஐரோப்பியக் குழுமங்கள் நாடிவந்த முதற்பொருள் துணியே. நெசவாளரையும் துணி வணிகரையும் ஓரிடத்தில் குடியமர்த்துவது குழுமங்களின் தலையாய தேவையாயிற்று. நெசவுத் தெருவுக்கென ஓர் இயல்பு உண்டு: பாவு நீட்டுவதற்கு நீண்ட, நேரான வெளி வேண்டும். தமிழகத்து நெசவூர்களில் அதிகாலையில் தெருவே பாவறையாக மாறுவதை இன்றும் காணலாம். புதுச்சேரியின் நேர்கோட்டுத் தெருக்களை ஐரோப்பியரின் வடிவியல் விருப்பத்திற்கு மட்டும் உரியனவாகக் கொள்ளுதல் பொருந்தாது. தெருவைத் தொழிற்களமாகப் பயன்படுத்தும் மக்களின் தேவையும் அக்கோடுகளுடன் ஒத்திசைந்தது எனக் கொள்வதே பொருத்தம்.

இத்தெருக்கோடுகளின் மேல் எழுந்த வீடுகளின் வரலாறு வேறு. 1761 சனவரியில் லாலியின் படை ஆங்கிலேயரிடம் சரணடைந்தது. அதன்பின் கோட்டை தகர்க்கப்பட்டது, நகர் பேரழிவுக்குள்ளானது. 1763-இன் பாரிசு உடன்படிக்கையால் மீளப்பெற்ற நகரை 1765 முதல் ழான் லா தெ லொரிஸ்தோன் ஆளுநராக இருந்து மீட்டெழுப்பினார். புதிய வீடுகள் பழைய தெருக்கோடுகளின் மேலேயே எழுந்தன. பின்னரும் 1778-இலும் 1793-இலும் நகர் ஆங்கிலேயர் கைக்கு மாறியது. 1816-இல்தான் பிரெஞ்சு ஆட்சி நிலைபெற்றது. ஆகவே தமிழர் பகுதியில் இன்று நிற்கும் பழைய வீடுகளுள் பெரும்பாலானவை 19-ஆம் நூற்றாண்டின் ஆக்கங்கள். 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தைச் சார்ந்தனவும் உள. '300 ஆண்டுப் பழமையான வீடு' என வழிகாட்டிகள் சொல்லும்போது அவர்கள் சொல்லும் வயது பெரும்பாலும் வீதியின் வயதாகவே இருக்கும்.

இவ்விடத்தில் ஓர் ஒப்பீட்டைத் தவிர்க்க இயலவில்லை. சிலப்பதிகாரத்து இந்திரவிழவூரெடுத்த காதை காட்டும் புகார் நகரமும் இருபகுதியாய் அமைந்த கடற்கரை நகரமே. கடலை ஒட்டிய மருவூர்ப்பாக்கத்தில் யவனர் இருக்கையும் வணிகரும் கைவினைஞரும். உள்ளே பட்டினப்பாக்கத்தில் அரசரும் அந்தணரும் பெருங்குடி வணிகரும். புதுச்சேரியைப் புகாரின் மறுபதிப்பாகக் காண விழைவோர் உண்டு. ஆனால் புகாரில் இருபாக்கங்களுக்கும் நடுவே இருந்தது நாளங்காடி. இரு பகுதி மக்களும் கூடும் இடம் அது. புதுச்சேரியில் நடுவே இருப்பது வாய்க்கால். பெரிய கடை எனப்படும் அங்காடியோ தமிழர் பகுதிக்குள் அமைந்தது. பிரிப்பதற்கென நடுவெளியை வகுத்த நகரையும் கூடுவதற்கென நடுவெளியை விட்ட நகரையும் ஒன்றாகக் கொள்ளுதல் தகாது.

தெருப்பெயரும் குடியமைப்பும்

தமிழர் பகுதியின் தெருப்பெயர்கள் குடியமைப்பின் பதிவேடாக விளங்குகின்றன. செட்டித் தெரு, வெள்ளாளர் தெரு, வைசியாள் வீதி, கொசக்கடைத் தெரு ஆகியன சாதியையும் தொழிலையும் குறிப்பன. காமாட்சி அம்மன் கோயில் வீதி, பெருமாள் கோயில் வீதி, ஈசுவரன் தருமராசா கோயில் வீதி, அம்பலத்தடையார் மடத்து வீதி ஆகியன வழிபாட்டிடங்களால் பெயர் பெற்றன. தெற்கே காஜியார் வீதியும் முல்லா வீதியும் இசுலாமியர் குடியிருப்பைச் சுட்டும். மிஷன் வீதியில், சம்பா கோயில் என மக்கள் வழங்கும் மாதா கோயிலைச் சூழ்ந்து தமிழ்க் கிறித்தவர் வாழ்ந்தனர். இன்றைய கோயிற் கட்டடம் 1791-ஐச் சார்ந்தது.

பெயர் மாற்றங்களும் வரலாறே. துய்ப்ளேக்சு தெரு நேரு வீதியாயிற்று. வைசியாள் வீதி, கல்விக் கொடையால் அறியப்பட்ட கல்வே சுப்பராயச் செட்டியாரின் பெயரைப் பெற்றது. மக்கள் நாவில் பழம்பெயரே நிலைத்துள்ளது. கொசக்கடை என்ற பெயரைக் கேட்போருள் எத்தனை பேருக்கு அது கொசவர், அதாவது குயவர் கடையைக் குறிப்பது என்று தோன்றும்?

இப்பெயர்ப் பட்டியலில் இடம்பெறாதோரும் உண்டு. தாழ்த்தப்பட்டோரின் சேரிகள் இக்கட்டத் தெருக்களுக்கு வெளியே வைக்கப்பட்டன. தெருவமைப்பின் ஒழுங்கைப் போற்றும் எழுத்துகள் இவ்விலக்கலையும் அவ்வொழுங்கின் ஒரு கூறாகக் கொண்டு பேசவேண்டும்.

வீட்டின் வரிசை

தெருவிலிருந்து கொல்லை வரை ஒரே நேர்கோட்டில் நீளும் வீடே இப்பகுதியின் பொதுவடிவம். மனை, தெருமுகத்தில் குறுகியும் உள்ளே நீண்டும் இருக்கும். அண்டை வீடுகள் பக்கச் சுவரோடு பக்கச் சுவர் சேர்ந்து நிற்பதால் காற்றும் ஒளியும் முன்னும் பின்னும் மேலும் மட்டுமே வரமுடியும். இந்தக் கட்டாயத்திலிருந்தே வீட்டின் உறுப்புகள் வரிசைப்படுகின்றன.

முதலில் தாழ்வாரம். தமிழகத்தின் பிற பகுதிகளில் இச்சொல் முற்றத்தைச் சூழ்ந்த சாய்ப்பையோ கூரையின் சரிந்த விளிம்பையோ குறிக்கும். புதுச்சேரி வழக்கில் அது தெருவோரத்துச் சாய்ப்புக்கே சிறப்பாக உரியது. வீட்டுச் சுவரிலிருந்து தெருப்பக்கமாகச் சரிந்து இறங்கும் ஓட்டுக் கூரை. அதனைத் தாங்கும் மரத்தூண்கள். அதன் கீழ் தெருவினும் சற்றே உயர்ந்த மேடை. அடுத்த வீட்டுத் தாழ்வாரமும் அதற்கடுத்ததும் தொடர்ந்து வருமாயின், தெருவின் ஒரு கோடியிலிருந்து மறுகோடி வரை வெயிலும் மழையும் படாமல் நடக்கலாம். வடகிழக்குப் பருவமழையையும் சித்திரை வெயிலையும் ஒருங்கே எதிர்கொள்ள வேண்டிய கடற்கரை ஊரில் இதன் பயன் விளக்க வேண்டாதது. தாழ்வாரத்தைக் கட்டுபவர் வீட்டுக்காரர்; பயன்கொள்பவர் வழிப்போக்கர்.

அடுத்தது திண்ணை. தாழ்வாரத்திலிருந்து ஓரிரு படி ஏறினால் வாயிலின் இருமருங்கும் சுதை பூசிய மேடை. இது வீட்டுக்காரரின் மனைக்குள் அடங்குவது. கணக்கெழுதவும் விலை பேசவும் ஓலை படிக்கவும் வழிச்செல்வோர் இரவு தங்கவும் உதவிய இடம். தாழ்வாரத்தில் நிற்க யாரையும் கேட்க வேண்டியதில்லை. திண்ணையில் அமர வீட்டாரின் சொல்லோ மௌனமான இசைவோ வேண்டும். இவ்விரண்டையும் ஒன்றெனக் கொண்டால் இந்த வேறுபாடு மறைந்துபோகும்.

மூன்றாவது, வாயிலைக் கடந்ததும் வரும் இடைகழி. பேச்சு வழக்கில் ரேழி. முதலாழ்வார் மூவர் மழையிரவில் நெருக்குண்டு நின்றதாகத் திருக்கோவலூர் மரபு கூறும் இடம் இடைகழியே. அத்தலத்து இறைவன் பெயரும் தேகளீசன் என வழங்குகிறது. ஒருவர் படுக்கவும் இருவர் இருக்கவும் மூவர் நிற்கவும் இடமுள்ளது என்ற அம்மரபின் அளவு, கட்டடக் கலைஞர் கூறும் எந்த அளவினும் தெளிவாக இடைகழியின் இயல்பை உணர்த்தும். தெருவின் கண் வீட்டின் உள்ளே நேரே புகாமல் தடுப்பதும், காற்றைக் குறுக்கி விரைவுபடுத்தி உள்ளே செலுத்துவதும் அதன் பணி.

இடைகழிக்கு அப்பால் முற்றம். மேலே திறந்த வெளி; சூழ நாற்புறமும் தூண்களோடு கூடிய சாய்ப்பு; அதன் ஓரங்களில் அறைகள். வெப்பக் காற்று முற்றத்தின் வழியே மேலெழ, தெருப்பக்கத்துக் குளிர்ந்த காற்று இடைகழி வழியே உள்வரும். மழைநீர் முற்றத்தில் விழுந்து வடியும். நெல் உலர்த்துதலும் திருமணப் பந்தலும் இங்கேதான். முற்றத்திற்குப் பின்னே அடுக்களை, கிணறு, கொல்லை. செல்வர் வீடுகளில் இரண்டாம் கட்டும் மூன்றாம் கட்டும் தொடரும்.

தெரு, தாழ்வாரம், திண்ணை, இடைகழி, முற்றம் என்னும் இவ்வரிசையைத் 'திறந்த மனத்தின் கட்டடக்கலை' எனப் புகழ்ந்தெழுதும் போக்கு அண்மைக் காலத்தில் பெருகியுள்ளது. இதனை முழுவதும் ஏற்க இயலாது. ஒவ்வொரு படியும் ஒரு வரவேற்பாவது போலவே ஒரு தடையுமாகும். தெருவோடு நிறுத்தப்பட்டவர் உண்டு. தாழ்வாரத்தோடு நின்றவர் உண்டு. திண்ணை வரை ஏறி, வாயிற்படி தாண்டாதவர் உண்டு. உறவினரும் ஒத்த குலத்தாரும் மட்டுமே முற்றம் கண்டனர். வீட்டுப் பெண்டிரின் வெளியோ முற்றத்திலிருந்து பின்னோக்கி விரிந்தது. மழைக்கு ஒதுங்கியவனை ஏனென்று கேளாத தாழ்வாரமும், அவன் குலத்தைக் கேட்டபின் இடம் தந்த திண்ணையும் ஒரே வீட்டின் உறுப்புகள்.

கட்டுமானப் பொருள்கள் தமிழகக் கடற்கரைக்குப் பொதுவானவையே. மெல்லிய சுட்ட செங்கல், சுண்ணாம்புக் காரை, அதற்கு வலுவூட்டக் கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீர், மேற்பூச்சுக்கு முட்டை வெண்கரு சேர்த்து அரைத்துத் தேய்த்து மெருகேற்றிய சுதை. மேல்தளத்திற்குத் தேக்கு விட்டங்களை நெருக்கமாக இட்டு, அவற்றின் மேல் சிறு செங்கற்களைக் குத்துவாட்டில் சாய்வாக அடுக்கிச் சுண்ணாம்பால் பிணைப்பர். ஓடுகள் வீட்டின் காலத்தை ஓரளவு உணர்த்தும். கைவினை நாட்டோடு பழமையானது. தட்டையான மங்களூர் ஓடு பாசல் மிஷன் 1865-இல் மங்களூரில் ஆலை நிறுவிய பின்னரே பரவியது. தாழ்வாரத்தில் மங்களூர் ஓடு இருப்பின் அக்கூரை அதற்குப் பிற்பட்டது. வீடும் அப்படித்தான் என உடனே துணிதல் கூடாது, ஏனெனில் கூரை மாற்றுவது அடிக்கடி நிகழ்வது.

மெத்தையும் முகப்பும்

மாடியை மெத்தை என்பது தமிழ் வழக்கு. கலப்புக் கட்டடக் கலை எனப்படுவது பெரும்பாலும் இந்த மெத்தையில்தான் நிகழ்ந்தது. கீழ்த்தளத்தில் மரத்தூணும் தாழ்வாரமும் திண்ணையும் செதுக்கு வேலைப்பாடமைந்த கதவும் மாறாமல் நிற்க, மேல்தளத்தில் வளைவுச் சாளரங்கள், சாய்பலகை வைத்த மரக்கதவுகள், சுவரோடொட்டிய அரைத்தூண்கள், உச்சியில் குமிழ்த்தூண் கைப்பிடிச் சுவர் ஆகியன இடம்பெற்றன. அரங்கப் பிள்ளை வீதியில் ஆனந்தரங்கப் பிள்ளையின் பெயரால் வழங்கும் மாளிகை இதற்குத் தக்க சான்று. அதன் உள்முற்றத்தைச் சூழ்ந்து கீழே மரத்தூண்கள். அவற்றின் நேர்மேலே ஐரோப்பிய பாணியில் அமைந்த சுதைத்தூண்கள்.

இதனைப் பிரெஞ்சுப் பண்பாட்டின் தாக்கம் என்று மட்டும் கூறி அமைதல் போதாது. கீழ்த்தளத்தில் உறவும் வணிகமும் சடங்கும் நிகழ்ந்தன. அவற்றின் தேவைகள் மாறவில்லை. மெத்தையோ புதிதாகச் சேர்ந்தது. அதற்கெனத் தொல்வழக்கு ஏதும் இல்லாததால் புதுப்பாணிக்கு அங்கே இடமிருந்தது. தன் நிலையை ஊருக்குக் காட்ட விரும்பிய வணிகரும் துபாசியரும் அரசு அலுவலரும் தெருவில் நின்று அண்ணாந்து பார்ப்போர் கண்ணில் படும் மேற்பகுதியையே தேர்ந்தனர். 19-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் பிரெஞ்சு இந்தோசீனாவில் அரசுப் பணியிலும் வணிகத்திலும் ஈடுபட்ட புதுச்சேரியார் பலர். அவ்வருவாயும் இம்மெத்தைகளுள் சிலவற்றை எழுப்பியிருத்தல் கூடும்.

எதிர்த்திசையிலான தாக்கமும் கருதற்குரியது. கிழக்குப் பகுதியின் பிரெஞ்சு வீடு உயர்ந்த மதிலையும் பெரிய வாயிலையும் கொண்டு தெருவிலிருந்து விலகி நிற்பது. அதன் தூண்வரிசை உள்ளிருக்கும் தோட்டத்தை நோக்கும். அதன் சுண்ணாம்பு மெருகும் விட்டத்தின்மேல் செங்கல் அடுக்கிய மேல்தளமும் தமிழ்க் கொத்தரின் கைத்திறன். இதனை யாரும் 'தமிழ்–பிரெஞ்சுக் கலப்பு' என்று அழைப்பதில்லை. முகப்பின் பாணி மட்டுமே பெயரிடும் உரிமை பெற்று, கட்டிய கைகளின் முறை பெயரற்றுப் போவது இத்துறையின் பழைய குறைபாடு.

இசுலாமியர் தெருக்களிலும் கிறித்தவர் தெருக்களிலும் இப்பொதுவடிவம் சிற்சில மாற்றங்களோடு காணப்படுகிறது. அவை தனி ஆய்வுக்குரியன.

நாட்குறிப்பு காட்டும் வீதி

இக்குடியிருப்பின் 18-ஆம் நூற்றாண்டு வாழ்வை அறிய வாய்த்த ஈடற்ற தமிழ்ச் சான்று ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு. 1709-இல் பிறந்து, ஆளுநர் துய்ப்ளேக்சின் காலத்தில் தலைமைத் துபாசியாக விளங்கிய அவர், 1736 முதல் ஏறத்தாழத் தம் இறுதிக்காலம் வரை எழுதிவந்தார். 1761-இல் நகர் வீழ்வதற்குச் சில நாள்களுக்கு முன் அவர் மறைந்தார். கட்டடங்களை வருணிப்பது அவர் நோக்கமன்று. ஆயினும் யார் எங்கே வந்தார், எங்கே அமர்ந்தார், எங்கே காத்திருந்தார் என அவர் ஓயாது குறித்துள்ளமையால், இடங்கள் எவ்வாறு பயன்பட்டன என்பதை நாம் அறிய முடிகிறது.

அவற்றுள் குறிப்பிடத்தக்கது அவருடைய பாக்குச் சரக்கறை. ஆளுநர் மாளிகையிலிருந்து திரும்பியபின் அவர் பெரும்பாலும் அங்கே அமர்கிறார், வணிகர் வருகின்றனர், செய்திகள் சொல்லப்படுகின்றன, வழக்குகள் பேசப்படுகின்றன. நகரின் மிக உயர்ந்த தமிழ் அலுவலரின் அன்றாட அவை கூடிய இடம் ஒரு சரக்கறையின் முன்னிடம். அரசியலும் வணிகமும் வீட்டின் உட்கட்டுக்குள் புகாமல், தெருவுக்கு அண்மையிலேயே நடந்து முடிந்தன என்பதற்கு இதனினும் தெளிவான சான்று தேவையில்லை. தாழ்வாரமும் திண்ணையும் தாங்கிய பணியை விளங்கிக்கொள்ள நாட்குறிப்பின் இப்பகுதிகள் கட்டடங்களைவிடக் கூடுதலாக உதவுகின்றன.

நாட்குறிப்பின் மிகத் துயரமான பகுதிகளுள் ஒன்று 1748 செப்டம்பரில் வேதபுரீசுவரர் கோயில் இடிக்கப்பட்டதைப் பதிவுசெய்வது. ஆங்கிலேயர் முற்றுகையின்போது, மாதா கோயிலை அடுத்திருந்த அக்கோயில் ஆளுநரின் ஆணையால் தகர்க்கப்பட்டது. பின்னாளில் வேறிடத்தில் கோயில் எழுந்தது. தமிழர் பகுதியின் வரலாற்றை இணக்கத்தின் வரலாறாக மட்டுமே எழுதுவோர் இப்பக்கங்களைத் தாண்டிச் செல்கின்றனர். பாணிகள் மெத்தையில் ஒன்றுகூடியதற்கு முன்னரே இவ்வீதிகளில் இத்தகைய அழிவும் நிகழ்ந்தது.

20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இவ்வீதிகள் வேறொரு வகையில் தமிழ் இலக்கிய வரலாற்றில் இடம்பெறுகின்றன. 1908 முதல் 1918 வரை பாரதியார் இங்கே வாழ்ந்தார். ஈசுவரன் தருமராசா கோயில் வீதியில் அவர் வாழ்ந்த வீடும், பெருமாள் கோயில் வீதியில் பாரதிதாசன் வாழ்ந்த வீடும் இன்று நினைவில்லங்களாக உள்ளன. பிரித்தானிய இந்தியாவிலிருந்து வந்த ஒற்றர்கள் பாரதியாரையும் அவர் நண்பர்களையும் இத்தெருக்களில் இடைவிடாது கண்காணித்தனர் என்பது பலரும் அறிந்ததே. யாரும் நிற்கத்தக்க தாழ்வாரம், நண்பர்க்கு உதவியது போலவே ஒற்றர்க்கும் உதவியிருக்கும். இதுவும் அவ்விடத்தின் இயல்பே.

காப்பில் எழும் சிக்கல்

2014 நவம்பர் மழையில் கடற்கரைச் சாலையின் மேரி கட்டடம் இடிந்து விழுந்தது. 19-ஆம் நூற்றாண்டு நகராட்சி மாளிகையான அதன் வீழ்ச்சி நாடெங்கும் செய்தியாயிற்று. பழைய வடிவிலேயே மீளக் கட்டப்பெற்று 2021-இல் திறக்கப்பட்டது. தமிழர் பகுதியில் வீடுகள் இவ்வாறு ஒரே இரவில் விழுவதில்லை. பாகப்பிரிவினையில் நீண்ட மனை நெடுக்குவாட்டில் இரண்டாகவோ மூன்றாகவோ பிளக்கப்படுகிறது. பிளவுக்கோடு முற்றத்தின் நடுவே செல்கிறது. அரை முற்றம் பயன்படாது. அதன்மேல் தளம் போடப்படுகிறது. காற்று நின்றபின் திண்ணை அறையாகிறது, அறை கடையாகிறது. இறுதியில் எஞ்சிய வீட்டை இடித்து அடுக்குமாடி எழுப்புவதற்கு எதிராகச் சொல்ல வீட்டாரிடம் ஏதும் மிஞ்சுவதில்லை.

இந்நிலையை மாற்ற மேற்கொள்ளப்பட்ட முயற்சிகளுள் வைசியாள் வீதியில் நிகழ்ந்தது முதன்மையானது. ஐரோப்பிய ஒன்றியத்தின் ஆசியா–ஊர்ப்ஸ் திட்டத்தின் கீழ், இந்தியக் கலை, பண்பாட்டு மரபுடைமை அறக்கட்டளையான இன்டாக்கின் பங்கேற்புடன், அவ்வீதியின் ஒரு பகுதியில் வீட்டு முகப்புகள் சீரமைக்கப்பட்டன. 2008-இல் யுனெசுகோவின் ஆசிய–பசிபிக் மரபுடைமைக் காப்பு விருது வரிசையில் அது அங்கீகாரம் பெற்றது. தனி வீட்டைக் காப்பதிலிருந்து தெருவைக் காப்பதற்கு நகர்ந்தது இம்முயற்சியின் சிறப்பு. தாழ்வாரம் தொடர்ச்சியில்தான் பொருள் பெறுகிறது என்பதைத் திட்டமிட்டோர் உணர்ந்திருந்தனர். ஆனால் முகப்புக்குப் பின்னால் என்ன நிகழ்கிறது என்பது அத்தகைய திட்டங்களின் கைக்கு அப்பாற்பட்டது. முகப்பைத் தக்கவைத்து உட்புறம் முழுவதையும் மாற்றிய வீடு, காட்சிக்கு மட்டுமே பழைய வீடு.

சொல் பற்றிய சிக்கல் இங்கேதான் நடைமுறைச் சிக்கலாகிறது. தாழ்வாரம், திண்ணை, முற்றத்துச் சாய்ப்பு ஆகிய மூன்றையும் 'வராந்தா' என்ற ஒரே சொல்லால் குறிப்பது பிறமொழி விவரிப்புகளில் இயல்பு. அவற்றைப் பின்பற்றும் தமிழ் எழுத்துகளிலும் அது புகுந்துவிட்டது. ஆனால் மூன்றின் உரிமை நிலையும் வேறு. முற்றத்துச் சாய்ப்பு ஐயமின்றி வீட்டாருடையது. திண்ணை மனைக்குள் அடங்குவது. தாழ்வாரமோ தெருவின் நிலத்தில் வீட்டார் செலவில் எழுந்து, ஊரார் பயன்கொள்வது. நிலப்பதிவேட்டின் மொழியில் அது ஆக்கிரமிப்பாகத் தோன்றும். தெருவை அகலப்படுத்தவும் வடிகால் அமைக்கவும் வாகனம் நிறுத்தவும் இடம் தேடுகையில் முதலில் அகற்றத்தக்கதாகப் படுவது அதுவே. மரபுடைமைப் பட்டியல் மனையை அலகாகக் கொள்வதாயின், மனைக்கு வெளியே நிற்கும் தாழ்வாரம் அதில் அடங்காது. மெத்தையின் வளைவுச் சாளரம் காக்கப்பட்டு, அதன் கீழிருந்த தாழ்வாரம் சட்டப்படியே அகற்றப்படும் நிலை இவ்வாறு உருவாகக்கூடும்.

ஆதலின் கணக்கெடுப்புப் படிவங்களில் இம்மூன்று சொற்களையும் தனித்தனியே வைத்தல் வேண்டும். ஒவ்வொரு தெருவிலும் தாழ்வாரத் தொடர் எங்கே தொடங்கி எங்கே அறுபடுகிறது என்பதும், அதன் தூணடி மனைக்குள் உள்ளதா தெருவில் உள்ளதா என்பதும் வரைபடத்தில் குறிக்கப்படல் வேண்டும். முற்றம் திறந்துள்ளதா, பிளக்கப்பட்டுள்ளதா, தளமிட்டு மூடப்பட்டுள்ளதா என்பதும் பதிவாக வேண்டும். முகப்பின் ஒளிப்படம் இதனைச் சொல்லாது. இவற்றோடு வீட்டிலுள்ள முதியோர் தம் வீட்டின் ஒவ்வோர் இடத்தையும் என்ன பெயரால் அழைக்கின்றனர் என்பதனையும் எழுதிக்கொள்ளுதல் தமிழ்த் துறைகள் மேற்கொள்ளத்தக்க பணி. அடுக்குமாடியில் வளரும் அடுத்த தலைமுறையிடம் கேட்டால் ரேழி எது, தாழ்வாரம் எது என்பதற்கு விடை கிடைப்பது அரிது.